தேய்ந்த பெயர்களில் ஒரு நாட்காட்டி

365 நாட்களைப் பங்கிட்டு ஒரு புதிய நாட்காட்டி வரைய ஒரு மாலைப்பொழுது போதும். அதைப் பல தலைமுறைகள் புழங்கிய பொருளாக நம்பவைப்பதுதான் கடினம். கற்பனை உலகங்களுக்காக எழுதப்பட்ட நாட்காட்டிகளில் நாவலாசிரியர் டோல்கீன், ஹாபிட்டுகள் என்ற தம் கற்பனை மக்களின் நாடான ஷயருக்கு வகுத்த நாட்காட்டி தனித்து நிற்பதற்கு, அவர் அதை ஒரு கண்டுபிடிப்பாகப் பார்க்காமல் ஒரு வழக்கத்தின் வரலாறாக எழுதியதே காரணம் என்று கருதுகிறேன். 1955-இல் வெளிவந்த ‘தி ரிட்டர்ன் ஆஃப் த கிங்’ நூலின் பின்னிணைப்பில் அது இருக்கிறது. கணக்கு எளியது: 30 நாள் கொண்ட 12 மாதங்கள், ஆண்டின் தொடக்கத்திலும் முடிவிலும் ஒவ்வொரு யூல் நாள், நடுவில் லித் என்ற கோடை நாட்கள் மூன்று. ஆக 365. லீப் ஆண்டில் ஓவர்லித் என்று இன்னொரு நாள் நடுவே சேரும். இந்த அளவுக்கு யாரும் செய்துவிடலாம். டோல்கீனின் உழைப்பு முழுவதும் பெயர்களில் இருக்கிறது.

அந்தப் பெயர்களின் வேர், இங்கிலாந்தின் வடக்கே ஜாரோ மடத்தில் வாழ்ந்த பீட் என்ற துறவியிடம் இருக்கிறது. 725-இல் காலக்கணக்கைப் பற்றி லத்தீனில் எழுதிய நூலில், தம் முன்னோர் கிறிஸ்தவத்துக்கு முன் வழங்கிய மாதப் பெயர்களை அவர் குறித்துவைத்தார். மே மாதத்துக்கு ‘த்ரிமில்கி’ என்று பெயர். நாளுக்கு மூன்று முறை பால் கறந்த காலம் அது. நவம்பர் பலிமாதம். டிசம்பர், ஜனவரி இரண்டுக்கும் ‘கியூலி’ என்று ஒரே பெயர். ஜூன், ஜூலை இரண்டும் ‘லிதா’. சந்திர மாதங்கள் பருவத்தை விட்டு நழுவும்போது கோடையில் மூன்றாவது லிதா ஒன்றைச் சேர்த்தார்கள் என்றும் பீட் சொல்கிறார். ஷயரின் ஓவர்லித் நாளை இதன் சுருங்கிய வடிவமாகப் பார்க்கலாம். ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்த டோல்கீன் இந்தப் பெயர்களை அப்படியே எடுத்து வைக்கவில்லை. ஆயிரம் ஆண்டு மக்கள் நாவில் கிடந்திருந்தால் என்ன ஆகியிருக்குமோ அந்த அளவுக்குத் தேய்த்தார். த்ரிமில்கி, ‘த்ரிமிட்ஜ்’ ஆனது. பிப்ரவரியின் பெயரைச் சோல்மாத் என்று எழுதினாலும் பலர் ‘சோமாத்’ என்றே உச்சரிப்பதாகக் குறிப்பு எழுதினார். அண்டை ஊரான பிரீயில் சில மாதங்களுக்கு வேறு பெயர் வைத்தார். பெயரின் பொருள் மறந்துபோய் ஒலி மட்டும் மிஞ்சியிருப்பதுதான் பழமையின் அடையாளம். ஏழாவது என்று பொருள்படும் செப்டம்பரை ஒன்பதாவது மாதமாக நாம் இன்று எழுதுவதும் அப்படித்தான்.

இதன் எதிர்முனையில் பிரெஞ்சுப் புரட்சியின் நாட்காட்டி நிற்கிறது. 1793-இல் ஏற்கப்பட்டது, கணக்கின் தொடக்கம் 22 செப்டம்பர் 1792. அதிலும் 30 நாள் மாதங்கள் பன்னிரண்டு, உதிரி நாட்கள் ஐந்து அல்லது ஆறு. கவிஞர் ஃபாப்ர் தெக்ளான்தீன் மாதங்களுக்குப் பருவப் பெயர் சூட்டினார்: திராட்சை அறுவடை, மூடுபனி, பனிப்பொழிவு, கோடை வெம்மை. அழகான பெயர்கள், ஆனால் ஒவ்வொன்றும் அன்றுதான் அச்சில் வார்த்தது. ஏழு நாள் வாரத்தை எடுத்துவிட்டுப் பத்து நாள் கொண்ட ‘தெகாத்’ கொண்டுவந்தார்கள். உழைப்பவருக்கு ஏழில் ஒரு நாளாக இருந்த ஓய்வு பத்தில் ஒரு நாளானது. மக்கள் ஞாயிற்றுக்கிழமையை விடவில்லை. 1806 ஜனவரி 1-ஆம் தேதி நெப்போலியனின் ஆட்சியில் அந்த நாட்காட்டி கைவிடப்பட்டது.

இந்த ஒப்பீடு நியாயமா என்று கேட்கலாம். பாரிஸின் நாட்காட்டி கூலியையும் சந்தை நாளையும் தொட்டது. ஷயரின் நாட்காட்டியால் ஒருவர் வயிறும் காயாது. காகிதத்தில் இருப்பது தோற்க வழியே இல்லையே. உண்மைதான். ஆனால் இங்கே கேள்வி எது வென்றது என்பதன்று. எது மனிதர் கை பட்டதாகத் தோன்றுகிறது என்பது. இன்னொரு மறுப்பு இதைவிடக் கூர்மையானது. ஷயர் மக்கள் பிற்காலத்தில் ஒரு சீர்திருத்தம் செய்தார்கள் என்கிறார் டோல்கீன்: ஆண்டின் நடுநாளுக்கும் ஓவர்லித்துக்கும் கிழமை கிடையாது. மிஞ்சும் 364 நாட்கள் சரியாக 52 வாரம். எனவே ஒவ்வொரு தேதியும் எல்லா ஆண்டும் ஒரே கிழமையில் விழும். இது 1930 முதல் எலிசபெத் அகெலிஸ் பரப்பிவந்த ‘உலக நாட்காட்டி’யின் உத்தியேதான். அந்த யோசனையை இந்தியா ஐக்கிய நாடுகள் அவைக்குக் கொண்டுபோனது. 1954-இல் ஜெனீவாவில் இந்திய இயற்பியலாளர் மேகநாத் சாஹா அதற்காக வாதாடினார். கிழமையில்லாத நாள் ஒன்று குறுக்கே வந்தால் ஏழு நாள் சுழற்சி அறும், ஓய்வுநாள் இடம்பெயரும் என்று யூதர்களும் ஏழாம் நாளைப் புனிதமாகக் கொள்ளும் கிறிஸ்தவர்களும் எதிர்த்தார்கள். 1955-இல் அமெரிக்காவும் மறுத்தது. அடுத்த ஆண்டு பேச்சு கிடப்பில் போனது. அப்படியானால் டோல்கீனும் ஒரு மேசைச் சீர்திருத்தக்காரர்தானே?

எனக்கு அப்படித் தோன்றவில்லை. இடையறாத ஏழு நாள் எண்ணிக்கையைத் தெய்வக் கட்டளையாகக் கொண்ட வழிபாடு எதையும் ஹாபிட்டுகளிடம் அவர் காட்டவில்லை. ஜெனீவாவில் முட்டிய சுவர் ஷயரில் இல்லை. அதனால் அங்கே அந்த மாற்றம் இயல்பாக நடக்கிறது. அதற்குமேல், மாற்றம் வந்த பிறகு மக்கள் பேச்சு அதை என்ன செய்தது என்பதையும் அவர் யோசித்தார். தேதிக்கும் கிழமைக்கும் முடிச்சு விழுந்ததும் எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் பிறக்க முடியாமல் போயிற்று. அதிலிருந்து ஷயரில் ஒரு சொலவடை பிறந்தது: நடக்கவே நடக்காத காரியத்தை ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை’ நடக்கும் என்பார்கள். அதை முழுதாகச் சொல்பவர்கள், எந்த நாட்காட்டியிலும் இல்லாத ‘சம்மர்ஃபில்த்’ என்ற மாதத்தையும் சேர்த்துக்கொள்வார்கள்.