திருவனந்தபுரத்தின் கடல் எதுவரை?

சங்குமுகத்துக்கு எதிரே விரியும் நீர்ப்பரப்பை அரபிக்கடல் என்றே நம் பாடநூல்கள் கற்பிக்கின்றன. பன்னாட்டு நீர்வரைவியலார் 1953-இல் வெளியிட்ட கடலெல்லை நூலின் மூன்றாம் பதிப்போ அதனை இலட்சத்தீவுக் கடல் எனத் தனியே பிரித்துக் காட்டுகிறது. அதன் மேற்கெல்லை கார்வாரை அடுத்த சதாசிவகட்டில் தொடங்கி, இலட்சத்தீவு, மாலைத்தீவு ஆகியவற்றின் மேற்குப்புறமாக அட்டுத் தீவின் தென்முனைவரை இறங்குகிறது. அங்கிருந்து இலங்கையின் தேவேந்திரமுனைவரை தென்னெல்லை. வடகிழக்கில் ஆதம் பாலம் எல்லையாவதால் மன்னார் வளைகுடாவும் இதனுள் அடங்கும்.

கடலின் பெயர், பெயரிடுபவர் நிற்கும் இடத்தையும் சொல்லிவிடுகிறது. பண்டைத் தமிழர் தம் நிலத்தை நடுவில் வைத்துக் குடகடல், குணகடல் என்றனர். கிரேக்கப் பெரிப்ளூஸ் செங்கடல்முதல் இந்தியக் கரைவரை அனைத்தையும் எரித்திரேயக் கடல் என்றது. அரபிக்கடல் என்றதும் நம் கண் ஏடனையும் ஓர்மஸையும் நோக்கிச் செல்கிறது. மாலேயும் மன்னாரும் பார்வையினின்று நழுவுகின்றன.

இந்த நழுவல் வரலாற்று வாசிப்பையும் பாதிக்கிறது. முதலாம் இராசராசனின் (985–1014) வெற்றிகளை எண்ணிப் பார்ப்போம். காந்தளூர்ச் சாலை இன்றைய திருவனந்தபுரத்து வலியசாலையே எனக் கருதுவோர் பலர். ஆய் மரபினரின் துறையாயிருந்த விழிஞத்தைக் கடலையே அகழியாகக் கொண்ட ஊராகத் திருவாலங்காட்டுச் செப்பேடு வருணித்து, இராசராசனின் படைத்தலைவன் அதனைக் கைப்பற்றியதைக் கூறுகிறது. பின்னர் ஈழம் வீழ்ந்தது. மாதோட்டத்தில் அம்மன்னன் பெயரால் சிவன் கோயில் எழுந்தது. ஆட்சியின் இறுதியில் மாலைத்தீவு என அடையாளம் காணப்படும் தீவுகளும் வெல்லப்பட்டன. நூல்கள் இவற்றைச் சேரப் போர், ஈழப் போர், கடற்படையெடுப்பு எனத் தனித்தனி இயல்களில் வைக்கின்றன. கங்கபாடியும் வேங்கியும் போன்ற உள்நாட்டு வெற்றிகளும் அவனுக்கு உண்டு. எனினும் மேற்சொன்ன இடங்கள் அனைத்தும் ஒரே கடலைச் சூழ்ந்தோ அதன் வாயிலிலோ அமைந்தவை. அக்கடலின் போக்குவரத்து இப்போர்களுக்கு எவ்வளவு காரணமாயிற்று என்பது தனி ஆய்வுக்குரிய வினா.

இக்கடலை ஒன்றாக இணைப்பது பருவக்காற்று. தென்மேற்குப் பருவத்தில் கேரளக் கரையோர நீரோட்டம் தெற்கே இறங்கி, குமரியைக் கடந்து, இலங்கையை நோக்கிச் செல்கிறது. வடகிழக்குப் பருவத்தில் அதன் திசை மாறுகிறது. 2025 மே மாதம் விழிஞத்திலிருந்து கொச்சிக்குச் சென்ற எம்.எஸ்.சி. எல்சா 3 கப்பல் மூழ்கியபோது, அதிலிருந்து சிதறிய நெகிழிக் குருணைகள் திருவனந்தபுரம், குமரிக் கரைகளில் ஒதுங்கின. தனுஷ்கோடியையும் மன்னாரையும்கூட அடைந்தன. நீரோட்டம் அரசுகளின் எல்லை அறியாது.

அந்த எல்லைகள் அண்மைக் காலத்தவை. 1976 மார்ச்சில் இந்தியாவும் இலங்கையும் மன்னார் வளைகுடாவில் கோடு வகுத்தன. சூலையில் மாலைத்தீவும் சேர்ந்து முச்சந்திப் புள்ளி குறிக்கப்பட்டது. திசம்பரில் இந்திய–மாலைத்தீவு எல்லை முடிவாயிற்று. ஒரே ஆண்டில் ஒரு கடல் மூவர் உடைமையாயிற்று. நம் ஆய்வுகளும் அக்கோடுகளைத் தாண்டத் தயங்குகின்றன.

பன்னாட்டுச் சரக்குப் பெட்டக முனையமாகிவிட்ட விழிஞத்தைப் பற்றி இனி ஆய்வேடுகள் பல வரும். அவற்றை எழுதும் மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: தமிழ், மலையாள ஆவணங்களோடு சிங்களக் கல்வெட்டுகளையும் 12-ஆம் நூற்றாண்டுத் திவேகிச் செப்பேடுகளையும் ஒருங்கே வைத்துப் படியுங்கள். உங்கள் முதல் வரைபடத்தில் கொழும்பும் மாலேயும் இடம்பெறட்டும்.