தேசிங்கு: ஒரு வடநாட்டுப் பெயர் செஞ்சி மண்ணில் வேர்விட்ட கதை

செஞ்சிக்கும் திண்டிவனத்துக்கும் இடைப்பட்ட வல்லம் வட்டாரத்தில் ஆண்பிள்ளைகளுக்கு வழிவழியாக வைத்துவந்த பெயர்களில் பெரும்பாலானவற்றுக்குக் காரணம் சொல்லிவிடலாம். ஏழுமலை, முருகன், காத்தவராயன், மன்னாதன் எல்லாம் சாமி கொடுத்த பெயர்கள். தருமன், அர்ச்சுனன், அரவான் ஆகியவை திரௌபதியம்மன் கோயில் தீமிதியும் பாரதக் கூத்தும் கொடுத்தவை. பிறந்த பிள்ளைகள் தங்காத வீட்டில் அடுத்த பிள்ளைக்குக் குப்பன் என்றோ மண்ணாங்கட்டி என்றோ வைத்தார்கள். இந்த எந்தக் கணக்கிலும் சேராமல் தனியாக நிற்கிற பெயர் ஒன்று இங்கே உண்டு. அது தேசிங்கு.

தேசிங்கு சாமியல்ல, பாரதப் பாத்திரமும் அல்ல, இந்த ஊர்க்காரர்களுக்கு இரத்த உறவும் அல்ல. புந்தேல்கண்டிலிருந்து வந்து, செஞ்சிக் கோட்டையை ஓராண்டுகூட முழுதாக ஆளாமல், 1714 அக்டோபர் 3 அன்று போர்க்களத்தில் உயிர்விட்ட ராஜபுத்திர இளைஞன். தாய்மொழியும் குலமும் வேறான அவன் பெயரை உழவர் வீடுகளும் நெசவாளர் வீடுகளும் தங்கள் பிள்ளைக்கு எடுத்துக்கொண்டன. விழுப்புரம், திருவண்ணாமலை, வேலூர், காஞ்சிபுரம், கடலூர்ப் பக்கங்களில் தேசிங்கு, தேசிங்குராஜா, தேசிங்குராஜன் என்ற பெயர்களை இன்றும் கேட்கலாம்.

மூலப் பெயர் ‘தேஜ் சிங்’. வடமொழியில் தேஜஸ் என்றால் ஒளி, வீறு. சிங் என்பது சிம்மம். வடநாட்டுப் பேச்சில் இதே ஒலியுள்ள சொல்லுக்கு வேகம், கூர்மை என்ற பொருளும் உண்டு. அது பாரசீகத்தின் வழி வந்தது. ராஜபுத்திரக் குடும்பங்களில் சர்வசாதாரணமான பெயர்தான். தமிழ் நாக்கில் ஏறியபோது ஜகரமும் சகரமும் ஒன்றில் ஒன்று கரைந்தன. ஙகர மெய்யில் சொல்லை முடிக்கத் தமிழ் இடம் தராது. ‘மீட்டிங்’ பேச்சில் மீட்டிங்கு ஆவதுபோல, சிங் ‘சிங்கு’ ஆயிற்று. ஒளியைக் குறிக்கும் ‘தேசு’ என்ற சொல்லும் தமிழில் ஏற்கெனவே வழக்கில் இருந்தது. அதனால் வந்த பெயர் அந்நியமாக ஒலிக்கவில்லை.

பெயர் நிலைத்ததற்கு ஒலி மட்டும் காரணமாக முடியாது. செஞ்சியை ஆண்டவர்களின் வரிசை நீளமானது. ஆட்டிடையரான ஆனந்தக் கோன் கோட்டை கட்டினார் என்பது ஊர் மரபு. பிறகு விஜயநகர ஆட்சியின் கீழ் நாயக்கர்கள் வந்தார்கள். 1649-ல் பீஜப்பூர் படை பிடித்தது. 1677-ல் சிவாஜி கைப்பற்றினார். 1689-ல் அவர் மகன் ராஜாராம் மகாராட்டிரத்திலிருந்து தப்பி வந்து இங்கே அரசு நடத்தினார். ஔரங்கசீப்பின் தளபதி சுல்பிகார்கான் ஆண்டுக்கணக்கில் முற்றுகையிட்டு 1698-ல் கோட்டையை எடுத்தார். கிருஷ்ணன், ராஜாராமன் என்று இங்கேயும் பிள்ளைகளுக்குப் பெயர் வைத்தார்கள். அவை கடவுளை நினைத்து வைத்தவையே தவிர, கிருஷ்ணப்ப நாயக்கரையோ மராட்டிய மன்னரையோ நினைத்து வைத்தவை அல்ல. இத்தனை ஆட்சியாளர்களில் தன் சொந்தப் பெயரைத் தொட்டில்வரை கொண்டுபோய்ச் சேர்த்தவன் தேசிங்கு ஒருவன்தான்.

அவன் தந்தை சொரூப்சிங், முகலாயர் காலத்தில் செஞ்சியின் கில்லேதாராக, அதாவது கோட்டைத் தலைவராக வந்த புந்தேல ராஜபுத்திரர். 1710-1711 ஆண்டுகளில் கடலூர் தேவனாம்பட்டினத்தில் இருந்த ஆங்கிலேயக் கம்பெனியோடு அவருக்குக் கடும் மோதல் நடந்தது; ஆங்கிலேய அதிகாரிகள் இருவரைப் பிடித்துச் செஞ்சியில் சிறை வைத்தார். இந்தச் செய்திகள் கம்பெனியின் ஆவணங்களில் பதிவாகியிருக்கின்றன. 1714-ல் அவர் இறந்தபோது தேஜ் சிங் புந்தேல்கண்டிலிருந்து வந்து பொறுப்பேற்றான். ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லாகான் பாக்கிக் கப்பத்தைக் கேட்டார். பாதுஷாவே தன் தந்தைக்கு உரிமை தந்திருக்கிறார், நவாபுக்குத் தான் கடன்பட்டவன் அல்லன் என்பது தேஜ் சிங்கின் நிலை. டில்லியில் முகலாய அதிகாரம் தளர்ந்துகொண்டிருந்த நேரம் அது. பாதுஷாவின் பழைய வாக்கு பெரிதா, நவாபின் புதிய பலம் பெரிதா என்பதுதான் வழக்கு. சி. எஸ். சீனிவாசாச்சாரி 1943-ல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் வழியாக வெளியிட்ட செஞ்சி வரலாற்றில் இந்த நிகழ்ச்சிகள் விரிவாக வருகின்றன. அவருக்கு முன்பே, 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், கர்னல் மக்லியோடு கேட்டுக்கொண்டபடி நாராயண பிள்ளை ‘கர்நாடக ராஜாக்கள் சவிஸ்தார சரித்திரம்’ எழுதினார். ஊர் நினைவும் ஆவணமும் கலந்த நூல் அது.

போர் செஞ்சிக்கு அப்பால் கடலி, தேவனூர்ப் பக்கத்தில் நடந்தது. ஊரார் வராகநதி என்றும் சங்கராபரணி என்றும் சொல்லும் செஞ்சியாற்றில் வெள்ளம். தேஜ் சிங்கிடம் இருந்தவர்கள் சில நூறு குதிரை வீரர்கள். எதிரே நவாபின் பெரும்படை. கோட்டைக்குள் இருந்து காத்திருந்தால் பல மாதம் தாக்குப்பிடித்திருக்கலாம். கோட்டைக் குன்றான ராஜகிரியின் செங்குத்துச் சுவரை நிமிர்ந்து பார்த்தவர்களுக்கு அது விளங்கும். அவன் வெளியே வந்து ஆற்றைக் கடந்து மோதினான். போர்த்தந்திரம் என்று பார்த்தால் அது பிழை. கதை பிறந்தது அந்த முடிவிலிருந்துதான்.

கதைப்பாடலில் தேஜ் சிங் முழுக்கத் தேசிங்குராஜனாக மாறிவிடுகிறான். அங்கே அவன் கில்லேதாரின் மகனல்ல, பிறவி மன்னன். டில்லி பாதுஷாவிடம் எவராலும் அடக்க முடியாத பாராசாரி என்ற குதிரை இருக்கிறது. அதை அடக்கப் போன தந்தை தேரணிசிங் தோற்றுச் சிறைப்படுகிறார். சின்னஞ்சிறு வயதுத் தேசிங்கு டில்லிக்குப் போகிறான். ரங்கநாதரை வேண்டிக்கொண்டு ஏறுகிறான். குதிரை வானத்தில் பறக்கிறது. தந்தையை மீட்கிறான், குதிரையைப் பரிசாகப் பெறுகிறான், பெண்ணையும் மணக்கிறான். வரி பாக்கி என்ற வறண்ட வழக்கு, பாடலில் மானப் பிரச்சினையாகிறது. ஒரு வகையில் பாடகர் சொன்னதும் பொய்யில்லை. 1714-ல் செஞ்சியில் கேட்கப்பட்டது பணம் மட்டுமல்ல, பணிவும்தான்.

அடுத்து வருவது நண்பன். ஆவணங்களில் மகபத்கான், ஊர்ப்பேச்சில் மகமத்கான், பாடலில் மோவுத்துக்காரன். போர்ச் செய்தி எட்டும்போது வழுதாவூரில் அவனுக்குக் கல்யாணம் நடந்துகொண்டிருக்கிறது. மணக்கோலத்தோடு நீலவேணி என்ற தன் குதிரையில் ஏறி வருகிறான். களத்தில் தேசிங்குக்கு முன்பே விழுகிறான். செஞ்சிப் பக்கத்து நீலாம்பூண்டியில் அவனை அடக்கம் செய்த இடத்தை இன்றும் காட்டுகிறார்கள். ராஜபுத்திரனுக்காக ஒரு முஸ்லிம் இளைஞன் தன் மணநாளில் உயிர் கொடுத்தான் என்பதைக் கேட்ட இந்த மண்ணுக்கு அது அதிசயமாகப் படவில்லை. செஞ்சியை அடுத்த மேலச்சேரி திரௌபதி வழிபாட்டின் மூலத்தலமாக மதிக்கப்படுவது. இவ்வழிபாட்டில் அம்மனுக்குக் காவல் நிற்பவன் முத்தால் ராவுத்தன் என்ற முஸ்லிம் வீரன். ஆல்ஃப் ஹில்டபைடல் 1988-ல் வெளியிட்ட திரௌபதி வழிபாட்டு ஆய்வின் முதல் தொகுதி, செஞ்சியிலிருந்து குருச்சேத்திரம்வரை என்றே தன் பாதையை வகுத்துக்கொண்டது. ராவுத்தனை அம்மன் வாசலில் வைத்துக் கும்பிட்டவர்கள் மோவுத்துக்காரனை ஏற்றுக்கொள்வதற்குத் தயங்க வேண்டியிருக்கவில்லை.

செஞ்சிப் பக்கத்துச் சிங்கவரம் குன்றில், பல்லவர் காலக் குடைவரையில் ரங்கநாதர் பள்ளிகொண்டிருக்கிறார். தேசிங்கின் குலதெய்வம் என்று சொல்லப்படுபவர் இவரே. பாறையோடு பாறையாகச் செதுக்கிய பெரிய திருமேனி. முழு உருவத்தையும் ஒரே பார்வையில் பிடிக்க முடியாதபடி கருவறை ஒடுங்கியது. விளக்கை முகத்தருகே கொண்டுபோகும்போது தலை ஒருபக்கம் திரும்பியிருப்பது தெரியும். போருக்குப் போக விடை கேட்டுத் தேசிங்கு வந்து நின்றான், பெருமாள் வேண்டாமென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார், அவன் கேட்கவில்லை என்று ஊரில் விளக்கம் சொல்கிறார்கள். சிலை அவனுக்குப் பல நூறு ஆண்டு முந்தையது. ஆனாலும் அதன் முகத்தையே தங்கள் கதையின் சாட்சியாக ஊரார் ஆக்கிக்கொண்டார்கள். எந்தக் கல்வெட்டும் செய்ய முடியாத வேலை இது.

இந்த இடத்தில் அயர்லாந்தின் பிரையன் என்ற பெயரை ஒப்பிட்டுப் பார்க்கத் தோன்றுகிறது. அதன் பொருளைக் குன்று, உயர்வு என்ற வேர்களோடு சேர்த்துச் சொல்வார்கள். அந்தப் பெயருக்கு மதிப்புத் தந்தவர் பிரையன் போரு என்ற பேரரசர். 1014-ல் குளோன்டார்ஃப் போரில் தன் பக்கம் வென்ற அன்றே கொல்லப்பட்டார். தேசிங்கின் சாவுக்குச் சரியாக எழுநூறு ஆண்டுக்கு முன். அவர் புகழ் பாடும் நூலை 12ஆம் நூற்றாண்டில் உருவாக்கியவர்கள் அவர் வழிவந்த அரசகுலத்தார். ஓ பிரையன் என்ற குடும்பப் பெயரும் ‘பிரையனின் வழித்தோன்றல்’ என்றே பொருள்படும். வென்ற குலம் தன் முன்னோன் பெயரைக் காத்தது. தேசிங்குக்கு அப்படி ஒரு குலம் வாய்க்கவில்லை. தோற்றவன், அரியணை போயிற்று, அரண்மனைப் புலவர் கிடையாது. புந்தேல வீரர்களோடு வந்து தமிழ்நாட்டில் தங்கிவிட்ட பொந்திலி சமூகத்தார் உண்டு. ஆனால் அவர்கள் எண்ணிக்கை சிறிது. தேசிங்கின் பெயரை ஊர் ஊராகச் சுமந்தவர்கள் கதைப்பாடகர்களும் கூத்தாடிகளும்தான்.

ஐரிஷ்காரர்களே இந்த வட்டாரத்துக்கு வந்ததும் உண்டு. 1760 சனவரி 22 அன்று வந்தவாசிப் போரில் பிரெஞ்சுப் படையை நடத்திய லாலி ஐரிஷ் வம்சத்தவர். அவரைத் தோற்கடித்த அயர் கூட் அயர்லாந்தின் லிமரிக் பகுதியில் பிறந்தவர். அடுத்த ஆண்டு செஞ்சியும் ஆங்கிலேயர் வசமாயிற்று. வந்தவாசிப் போர் நாட்டின் தலைவிதியை மாற்றியது. ஆனால் கூட்டின் பெயரையோ லாலியின் பெயரையோ எடுத்து யாரும் பிள்ளையைக் கூப்பிட்டதாகத் தெரியவில்லை. அவர்களைப் பற்றி இரவு முழுக்க உட்கார்ந்து கேட்க ஒரு பாட்டு இல்லை.

வாய்ப்பாட்டாக இருந்தது பிறகு அச்சுக்கு வந்தது. ‘தேசிங்குராஜன் கதை’ பெரிய எழுத்துப் புத்தகமாகச் சென்னையில் அச்சாகி, திருவிழாக் கடைகளிலும் சந்தைகளிலும் விற்றது. எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரிந்த ஒருவர் திண்ணையில் உட்கார்ந்து இராகம் போட்டு வாசிக்க, தெருவே கேட்கும். அதற்கென்றே எழுத்தைப் பெரிதாக அச்சிட்டார்கள். கூத்து மேடையிலும் தேசிங்கு ஏறினான். 1936-ல் ஒரு படமும் 1960-ல் எம்.ஜி.ஆர். நடித்த ‘ராஜா தேசிங்கு’ம் வந்தன. சினிமா தமிழ்நாடு முழுவதும் அவனைக் கொண்டுசேர்த்தது. 2013-ல் வந்த ‘தேசிங்குராஜா’ நகைச்சுவைப் படம், வரலாற்றோடு தொடர்பே இல்லாமல் பெயரை மட்டும் எடுத்துக்கொண்டது. அதற்கெல்லாம் முன்பே பேச்சில் அவன் உவமையாகிவிட்டான். வேகமாக சைக்கிள் மிதிக்கும் பையனைப் பார்த்து, “பெரிய தேசிங்குராஜான்னு நெனப்பு” என்று அதட்டும்போது, கேட்பவனுக்குக் கொஞ்சம் பெருமையும் வரும்.

தேசிங்கின் மனைவி ராணிபாயின் பெயர் வேறு வழியில் போயிற்று. கோட்டைக்குள் செட்டிகுளத்துக் கரையில் தேசிங்கின் உடலுக்கு எரியூட்டியபோது அவளும் உடன்கட்டை ஏறினாள் என்பது மரபு. மனம் கலங்கிய சாதத்துல்லாகான் அவள் நினைவாக ஆர்க்காட்டுக்கு எதிரே பாலாற்றங்கரையில் ஓர் ஊரை அமைத்து ராணிப்பேட்டை என்று பெயரிட்டார் என்கிறார்கள். அந்த ஊர் 2019-ல் ஒரு மாவட்டத்தின் தலைநகரமாயிற்று. ஆனால் ராணிபாய் என்ற பெயரைத் தமிழ் வீடுகள் தங்கள் பெண்ணுக்கு எடுத்துக்கொள்ளவில்லை. எரிந்துபோன ஒரு சிறுபெண்ணின் கதியைத் தன் மகளுக்கு நினைக்க எந்தத் தாய்க்குத்தான் மனம் வரும்?

2025 சூலையில் யுனெஸ்கோ செஞ்சிக் கோட்டையை உலக மரபுச் சின்னமாக அறிவித்தது, மராட்டியர் படையரண்கள் பன்னிரண்டில் ஒன்றாக. கோட்டையின் பொறியியலில் மராட்டியர் பங்கு பெரிது, அறிவிப்பில் பிழையில்லை. ஆனால் வல்லத்திலிருந்தோ அவலூர்ப்பேட்டையிலிருந்தோ பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வருகிறவர்களுக்கு அது ராஜா தேசிங்கு கோட்டைதான். அறிவிப்புப் பலகைகளிலும் கையேடுகளிலும் கதைப்பாடலுக்கும் நீலாம்பூண்டிக்கும் சிங்கவரத்துக்கும் உரிய இடம் கிடைக்க வேண்டும். அவற்றை விட்டுவிட்டால், கோட்டையை முந்நூறு ஆண்டாக மனத்தில் வைத்துக் காத்த மக்களையே விட்டதாகிவிடும்.

இன்று பிறக்கிற பிள்ளைகளுக்கு வேறு வகைப் பெயர்கள் வந்துவிட்டன. எண்கணிதம் பார்த்தும், ஷகரமும் ஸகரமும் தேடியும் வைக்கும் காலத்தில் தேசிங்கு தாத்தாக்களின் பெயராகி வருகிறது. தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னே போடுவது தமிழ் வழக்கம் என்பதால், பள்ளிப் பதிவேட்டிலும் ஆதார் அட்டையிலும் ‘தே.’ என்ற தலைப்பெழுத்தாக அது இன்னும் ஒரு தலைமுறைக்கு இருக்கும். பேரன் என்ற சொல்லுக்கே தாத்தா பெயரைத் தாங்குபவன் என்றுதான் பொருள். அந்த வழக்கத்தை விடாத வீடுகளில் மட்டும் தேசிங்குராஜன் என்று முழுப்பெயராகவே அது இப்போதும் சான்றிதழில் ஏறுகிறது.