பெட்டி பெட்டியா தெரியுற பேரு: கார் செட்டும் கைப்பேசியும் தமிழும்

கைப்பேசியைக் காரோட மியூசிக் சிஸ்டத்துல எப்படி இணைக்கிறதுன்னு சொல்லித்தர ஆயிரம் வீடியோ இருக்கு மக்களே. இது அந்த மாதிரிப் பதிவு இல்ல. இணைச்சதுக்கு அப்புறம் சில வண்டியில தமிழ் ஒழுங்கா தெரியுது, சில வண்டியில பெட்டி பெட்டியா (□□□□) தெரியுது. ஏன்? இதுக்குப் பதில் சொல்லணும்னா தொண்ணூறு வருஷத்துக்கும் மேல பின்னாடி போகணும். கொஞ்சம் நீளம்தான். டீ எடுத்துட்டு வந்து உட்காருங்க.

நமக்கு ஊர் சடையங்குப்பம். வடசென்னை, மணலி மண்டலம். 2011ல சென்னை மாநகராட்சியோட சேர்த்தாங்க. பூண்டி ஏரியைத் திறந்துவிட்டா கொசஸ்தலை ஆத்துத் தண்ணி எட்டிப் பார்க்குற ஊர்னு சொன்னா, மழைக்காலத்துல டிவி பார்க்குறவங்களுக்குப் புரிஞ்சுடும். சுத்தி கம்பெனிங்க, அந்தாண்ட எண்ணூர் துறைமுகம். கன்டெய்னர் ட்ரெய்லர், டேங்கர் லாரி, கால் டாக்சின்னு வண்டி ஓட்டிப் பொழைக்கிறவங்க நிறைய. அதனால கார் செட்டுங்கறது எங்க பக்கம் ஆடம்பரம் இல்ல, தொழில் சாமான்.

ரேடியோ காலம்

1930ல அமெரிக்காவுல பால் கால்வின்ங்கறவரோட கம்பெனி கார் ரேடியோ ஒண்ணைக் கொண்டுவந்துச்சு. மோட்டாருக்குள்ள பாட்டுன்னு பொருள் வர்ற மாதிரி அதுக்கு வெச்ச பேருதான் மோட்டோரோலா. பின்னாடி கைப்பேசி பண்ணின அதே மோட்டோரோலாதான். ஆக காரும் போனும் சம்பந்தி ஆனது இன்னைக்கு நேத்து இல்ல. 1932ல ஜெர்மனியில ப்ளாபுங்ட் கார் ரேடியோ வந்துச்சு. ஐரோப்பாவுல அதுதான் முதல்.

நம்ம ஊர்ல ரேடியோ வெச்சிருக்கவே லைசென்ஸ் வேணும். 1933 வருஷத்துச் சட்டம். போஸ்ட் ஆபீஸ்ல பணம் கட்டிப் புதுப்பிக்கணும். கார் ரேடியோவும் அதுல அடக்கம். 1980களோட நடுவுலதான் இந்தத் தொல்லை ஒழிஞ்சுது.

இங்க ஒரு விஷயத்தைக் கவனிங்க. ரேடியோவுக்கு மொழி கிடையாது. 1977ல சென்னையில எஃப்.எம். ஒலிபரப்பு ஆரம்பிச்சப்போ, அதைக் கேட்ட எந்தப் பெட்டிக்கும் தமிழ் தெரிய வேண்டிய அவசியம் இல்ல. அலை வருது, சத்தமா மாறுது, அவ்ளோதான். அடுத்து வந்த கேசட்டும் அப்படியே. 1963ல பிலிப்ஸ் அறிமுகப்படுத்தின கேசட்டு, கொஞ்ச வருஷத்துல கார் டேஷ்போர்டுக்கும் வந்துடுச்சு. பாட்டோட பேரு கேசட்டு மேல ஒட்டுன தாள்ல இருக்கும். பேனாவால தமிழ்ல எழுதினா தமிழ். பிரச்சனையே இல்ல.

வெளியில இருந்து ஒரு கருவியைக் கார் செட்டோட கோக்குற வித்தையும் கேசட்டு காலத்துலயே ஆரம்பிச்சாச்சு. கேசட்டு வடிவத்துல ஒரு டப்பா, அதுல இருந்து ஒரு ஒயர். டேப்பை உரசுற ஹெட்டுக்குப் பாட்டைக் காந்த அலையா கொடுத்து ஏமாத்துற சமாச்சாரம். அப்புறம் சிகரெட் லைட்டர் ஓட்டையில செருகுற எஃப்.எம். டிரான்ஸ்மிட்டர், அதுக்கப்புறம் ஆக்ஸ் கேபிள். மூணுமே சத்தத்தை மட்டும் கடத்துற ஆளுங்க. என்ன பாடுதுன்னு காருக்குத் தெரியாது. காருக்குத் தெரியாத வரைக்கும் தமிழுக்கு ஆபத்து இல்ல :-)

காருக்குப் பேரு தெரிய ஆரம்பிச்சது

எம்பி3 வந்தது. பாட்டு ஃபைலுக்குள்ளயே பாட்டுப் பேரு, பாடினவர் பேரு எல்லாம் எழுதி வைக்கலாம்னு ஆச்சு. இதுக்கு ஐடி3ன்னு பேரு. 1996ல வந்த முதல் வடிவத்துல பாட்டுப் பேருக்கு ஒதுக்கின இடம் வெறும் 30 பைட்டு. ஆங்கிலத்துக்கு 30 எழுத்து, தாராளம்.

நம்ம கதைக்கு வருவோம். யூனிகோடு தமிழை யூடிஎஃப்-8ல எழுதினா ஒவ்வொரு குறிக்கும் 3 பைட்டு. "சடையங்குப்பம்" நம்ம கண்ணுக்கு எட்டெழுத்து. கணினிக்கு டகரம் தனி, ஐகாரக் குறி தனி, புள்ளி தனி. ஆக 13 குறி, 39 பைட்டு. 30 பைட்டுல அடைச்சா "சடையங்குப்"போட நின்னுடும். எங்க ஊர்ப் பேரே உள்ள போகாது! அதே பேரை இங்கிலீஷ்ல எழுதினா 13 பைட்டுல முடிஞ்சுது. ஐடி3 அடுத்த வடிவத்துல இந்த அளவுப் பிரச்சனை தீந்துது. ஆனா டேஷ்போர்டுல இருந்த செட்டுக்குத் தமிழ் எழுத்துருவே இல்லையே, அதுக்கு என்ன பண்றது?

அடுத்து ப்ளூடூத். 1998ல எரிக்சன், நோக்கியா, ஐபிஎம், இன்டெல், தோஷிபா அஞ்சு கம்பெனி சேர்ந்து அமைப்பு ஆரம்பிச்சாங்க. பொட்டி தட்டுறவன் பாஷையில சொன்னா ப்ளூடூத் ஒரு ஆள் இல்ல, கூட்டுக் குடும்பம். கையில எடுக்காம போன் பேச ஒரு விதிமுறை. ஸ்டீரியோல பாட்டுக் கேக்க ஏ2டிபின்னு ஒண்ணு. பாட்டை நிறுத்த, தள்ள ஏவிஆர்சிபின்னு ஒண்ணு. போன்ல இருக்கிற பேரு, நம்பரைக் காருக்குக் கொடுக்க பிபிஏபின்னு இன்னொண்ணு. "பாட்டு வருது, ஆனா கால் வரல"ன்னு யாராவது புலம்பினா, இந்தக் குடும்பத்துல ஒருத்தர் கோவிச்சுக்கிட்டாருன்னு அர்த்தம்.

ஏவிஆர்சிபி 2003ல வந்தப்போ அதுக்குத் தெரிஞ்சது ஓடு, நில்லு, அடுத்தது மட்டும்தான். 2007ல வந்த 1.3 வடிவத்துலதான் பாட்டோட பேரும் சேர்ந்து போச்சு. அந்த விதிமுறையில எழுத்து முறையைச் சொல்ல ஒரு எண்ணும் உண்டு. யூடிஎஃப்-8க்கு 106. அதாவது போன் தமிழ்ப் பேரைச் சரியாத்தான் அனுப்புது. விதிமுறை தமிழைத் தடுக்கல. வழியிலயும் எதுவும் கெடல. கடைசியில அதை வரையுற கார்தான் "இது என்ன எழுத்து?"ன்னு முழிக்குது. தெரியாத ஒவ்வொரு குறிக்கும் ஒரு பெட்டி போடுது.

சரி, எழுத்துருவை மட்டும் உள்ள வெச்சா போதுமா? பத்தாது. "கெ"ன்னு எழுதும்போது கொம்பு நினைவகத்துல ககரத்துக்குப் பின்னாடி இருக்கும், திரையில முன்னாடி வரணும். இந்த இடம் மாத்துற வேலையைச் செய்ய ஒரு மென்பொருள் வேணும். அது இல்லாட்டி கொம்பு ஒரு பக்கம், எழுத்து ஒரு பக்கம். திஸ்கி, தாப், யூனிகோடுன்னு மாறி மாறி அல்லாடின மூத்த பதிவர்களுக்கு இதெல்லாம் நான் சொல்லித் தெரிய வேண்டியதில்ல. கணினியில நீங்க பட்ட பாட்டை, கார் பத்து வருஷம் கழிச்சுப் பட்டுச்சு.

தமிழ்நாட்டுல செஞ்ச கார்

2004ல ஆப்பிளும் பிஎம்டபிள்யூவும் ஐபாடைக் கார்ல கோத்தாங்க. 2007ல ஃபோர்டும் மைக்ரோசாஃப்டும் சேர்ந்து சிங்க்னு ஒண்ணு கொண்டுவந்தாங்க. வாயால சொன்னா போன் போடும், பாட்டு மாத்தும். அமெரிக்காவுல ஆங்கிலம், பிரெஞ்சு, ஸ்பானிஷ் மூணு மொழி புரிஞ்சுது. அந்த சிங்க் 2013 ஜூன்ல எக்கோஸ்போர்ட் கார்ல இந்தியாவுக்கு வந்துச்சு. அந்தக் காரைச் செஞ்சது எங்க? செங்கல்பட்டு போற வழியில இருக்கிற மறைமலை நகர்ல. தனித்தமிழ் இயக்கத்து மறைமலை அடிகள் பேரு வெச்ச ஊர்ல செஞ்ச காருக்குத் தமிழ் தெரியல. (2021ல ஃபோர்டு இந்தியாவுல கார் செய்யுறதை நிறுத்துறதா அறிவிச்சு, 2022ல அந்த ஆலை நின்னுது. அது தனிச் சோகம்.)

இதுல எங்க பக்கத்துத் துறைமுகமும் வருது. 2001ல நிலக்கரி இறக்க ஆரம்பிச்ச எண்ணூர் துறைமுகம், இப்போ காமராஜர் துறைமுகம். 2010ல இருந்து ஒரகடத்துல செஞ்ச நிசான் கார்கள் அங்க கப்பல் ஏறுது. ஐரோப்பாவுக்குப் போற வண்டின்னா அந்த ஊரு மொழிங்க மெனுவுல இருக்கும். பின்ன, வாங்குறவன் கேப்பான்ல. நாம கேக்கல, அதனால நம்ம மொழி வரல. சதியெல்லாம் ஒண்ணும் இல்லைங்க, சந்தைக் கணக்குதான்.

யார் வரையுறது?

இப்பதான் கதையில திருப்பம். "கார் ஏன் வரையணும்? போனே வரைஞ்சு படமா அனுப்பட்டுமே"ன்னு ஒரு யோசனை. நோக்கியா ஆரம்பிச்ச இந்த முயற்சி 2011ல மிரர்லிங்க்ங்கற பேர்ல பொது விதிமுறையா வந்துச்சு. பெருசா நிலைக்கல. 2014 மார்ச்ல ஆப்பிள் கார்ப்ளே, அதே வருஷம் ஜூன்ல கூகுள் ஆண்ட்ராய்டு ஆட்டோ அறிவிச்சாங்க. 2015ல ஆண்ட்ராய்டு ஆட்டோவோட முதல்ல விற்பனைக்கு வந்த கார் ஹூண்டாய் சொனாட்டா, அமெரிக்காவுல. 2017ல நம்ம இருங்காட்டுக்கோட்டையில செஞ்ச புது வெர்னாவுல ரெண்டுமே இருந்துச்சு.

இது உள்ள எப்படி வேலை செய்யுதுன்னா, மேப்பையும் பாட்டுப் பேரையும் போன் தனக்குள்ளயே வரைஞ்சு, வீடியோவா சுருக்கி, யூஎஸ்பி ஒயர்ல காருக்கு அனுப்புது. கார் அதை விரிச்சுக் காட்டுது. நீங்க திரையைத் தொட்டா, தொட்ட இடத்தைப் போனுக்குத் திருப்பிச் சொல்லுது. கார் வெறும் டிவிப் பெட்டி மாதிரி. அதுக்கு எழுத்துரு வேணாம், கொம்பு எங்க வரணும்னு தெரிய வேணாம். 2011ல வந்த ஆண்ட்ராய்டு 4.0லயே போனுக்குத் தமிழ் தெரிஞ்சுடுச்சு. அந்த அறிவு அப்படியே கார் திரைக்கும் வந்துடுது. 2018ல கூகுள் மேப் தமிழ்ல வழி சொல்ல ஆரம்பிச்சதும், அந்தக் குரலும் சேர்ந்து ஸ்பீக்கருக்கு வந்துச்சு.

என் கட்சி இதுதான்: தமிழ் கார்க்குள்ள வந்தது பெரும்பாலும் கார் கம்பெனிங்க மனசு வெச்சதால இல்ல. முக்கியமா, வரையுற வேலை கார் கையில இருந்து போன் கைக்கு மாறினதால தமிழ் உள்ள வந்துச்சு.

பெட்டி வந்தா என்ன குடி முழுகிடுமா?

பாட்டுப் பேரு தெரியலன்னா குடி முழுகாது. ஆனா எங்க சித்தப்பாவை எடுத்துக்கங்க. கால் டாக்சி ஓட்டுறாரு. போன்ல எல்லாப் பேரும் தமிழ்ல. "மெக்கானிக் எர்ணாவூர்", "தண்டையார்பேட்டை மாமா", "ஓனர் புதுசு" இப்படி. முன்னாடி ஓட்டின வண்டியில போன் வந்தா திரையில பெட்டி பெட்டியா வரும். யாருன்னு தெரியாது. வீட்டுல அவசரமா, ஓனரா, லோன் விக்கிறவங்களா? என்ன பண்ணுவாரு, போனைக் கையில எடுத்துப் பார்ப்பாரு. மணலி எக்ஸ்பிரஸ் ரோட்டுல, ரெண்டு பக்கமும் ட்ரெய்லர் போகும்போது.

கையில எடுக்காம பேசத்தானே ப்ளூடூத்தே வந்துச்சு? பேரு தெரியாததால மறுபடியும் கையில எடுக்குறாரு. 2019 மோட்டார் வாகனச் சட்டத் திருத்தப்படி ஓட்டும்போது போனைக் கையில வெச்சுப் பயன்படுத்தினா ஆபத்தா ஓட்டின குத்தம். 2020 அக்டோபர்ல இருந்து வழி பார்க்க மட்டும், அதுவும் கவனம் சிதறாம இருந்தா, விதிவிலக்கு. "சார், பேரு பெட்டியா வந்துச்சு"ன்னு சொன்னா எந்தப் போலீஸ்காரர் விடுவாரு? இங்கிலீஷ்ல பேரைப் பதிஞ்சவருக்கு இந்தத் தலைவலியே இல்ல. எழுத்துரு சின்ன விஷயம்னு சொல்றவங்க இதைக் கொஞ்சம் யோசிக்கணும்.

இப்ப ஓட்டுற வண்டியில ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டுல வாங்கின ஆண்ட்ராய்டு செட்டு மாட்டியிருக்காரு. மாமா பேரு தமிழ்லயே வருது. மனுஷன் ரோட்டைப் பார்த்து ஓட்டுறாரு.

அடுத்து?

கதை சுபம்னு போட முடியாது. 2019 மே மாசம் ஹூண்டாய் வென்யூ வந்தப்போ காருக்குள்ளயே சிம் வெச்சாங்க. கார் தானே இணையத்துல பேசும், போன் வேணும்னு இல்ல. 2023ல ஜெனரல் மோட்டார்ஸ், அமெரிக்காவுல வரப்போற மின்சாரக் கார்கள்ல கார்ப்ளே, ஆண்ட்ராய்டு ஆட்டோ ரெண்டையும் எடுத்துடப் போறதா சொன்னாங்க. திரை எங்களுது, அதுல நாங்கதான் வரைவோம்னு அர்த்தம். அவங்க பக்கத்து நியாயம் அவங்களுக்கு. மேப், பாட்டு, சந்தான்னு அதுல வர்ற காசை போன் கம்பெனிக்கு ஏன் விடணும்?

ஆனா வரையுற வேலை திரும்பவும் கார் கைக்குப் போனா, தமிழும் திரும்ப கார் கம்பெனியோட தயவுக்குப் போயிடும். அப்ப நாம கேட்டாத்தான் கிடைக்கும்.

அதனால புதுக் காரோ, பழைய காரோ, வெறும் செட்டோ வாங்கப் போறவங்க ஒரு வேலை செய்யுங்க. போன்ல "கெங்கையம்மன் கோயில்"னு ஒரு பேரைத் தமிழ்ல பதிஞ்சுக்கிட்டு போங்க. ஒயர் எதுவும் செருகாம, ப்ளூடூத்ல மட்டும் இணைங்க. அந்த நம்பர்ல இருந்து ஒரு கால் போடச் சொல்லுங்க. பெட்டி வந்தா எழுத்துரு இல்ல. எழுத்து வந்து கொம்பு இடம் மாறி நின்னா, பாதி வேலைதான் செஞ்சிருக்காங்க. சரியா வந்தா நல்ல செட்டு. சரியா வரலைன்னா விற்பனையாளர்கிட்ட சத்தமா கேளுங்க. சன்ரூஃப் இருக்கான்னு கேக்குறோம்ல, அதே குரல்ல.

உங்க வண்டியில என்ன தெரியுதுன்னு பின்னூட்டத்துல சொல்லிட்டுப் போங்க. வருஷம், மாடல் சேர்த்துச் சொன்னா வாங்கப் போறவங்களுக்கு உதவும்.