பட்டாளம் வளர்த்த பந்து வீரர் பீட்டர் தங்கராஜ்

பட்டாளத்துக்குப் போனவன் என்றால் நம்ம பக்கம் தனி மரியாதை உண்டு. பந்து விளையாடுகிறவன் என்றால்? “பொழப்பத்த பய” என்று வீட்டிலேயே பட்டம் கட்டிவிடுவார்கள். இந்த இரண்டும் ஒரே ஆளிடம் சேர்ந்த கதைதான் பீட்டர் தங்கராஜின் வாழ்க்கை. இன்றைய மாணவர்களில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும் என்று எனக்குத் தெரியவில்லை. ஆசியாவின் சிறந்த கோல்கீப்பர் என்று 1958இல் பெயர் வாங்கியவர் அவர். தெரிந்துகொள்ள வேண்டாமா?

தங்கராஜ் 1935இல் ஹைதராபாத்தில் பிறந்தவர். அந்தக் காலத்தில் ஹைதராபாத்தும் செகந்திராபாத்தும் கால்பந்துக்குப் பேர் போன ஊர்கள். செகந்திராபாத்தில் மார்னிங் ஸ்டார், ஃப்ரெண்ட்ஸ் யூனியன் என்ற கிளப்புகளில் விளையாடத் தொடங்கினார். அப்போது அவர் கோல் காக்கிறவர் அல்ல, கோல் போடுகிறவர். சென்டர் ஃபார்வர்டு! 1953இல் மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டரில் சேர்ந்தார். நீலகிரியில் குன்னூரை ஒட்டிய வெலிங்டனில் இருக்கிறதே, அதுதான். 1758இல் வேர்விட்ட மதராஸ் ரெஜிமென்டுக்கு ஆள் பயிற்றுவிக்கிற இடம்.

அங்கேதான் அவர் தலையெழுத்து மாறியது. ஆறடிக்கு மேல் உயரம், நீண்ட கைகள். பட்டாளத்தில் அவரைக் கோல்கம்பத்துக்கு நடுவே நிறுத்தினார்கள். ஃபார்வர்டாக ஆடியவனுக்கு எதிராளி எந்தப் பக்கம் அடிப்பான் என்ற கணக்கு தெரியும் இல்லையா? அந்தக் கணக்கும், ராணுவம் கொடுத்த உடம்பும், தினசரி ஒழுங்கும் சேர்ந்து ஒரு கோல்கீப்பரை உருவாக்கின.

காலமும் கவனிக்க வேண்டியது. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் நம் வீரர்களில் பெரும்பாலோர் வெறுங்காலோடுதான் ஆடினார்கள். 1952 ஹெல்சின்கியில் யூகோஸ்லாவியாவிடம் 10–1 என்று அடி வாங்கிய பிறகுதான் பூட்ஸ் கட்டாயம் என்று ஆனது. அதற்கு அடுத்த வருஷம் பட்டாளத்தில் சேர்ந்தவர் தங்கராஜ். இந்தியக் கால்பந்து பூட்ஸ் மாட்டிக்கொண்டு நிமிர்ந்த நேரத்தில் அவரும் நிமிர்ந்தார்.

டூராண்ட் கோப்பையின் கதையை இங்கே சொல்லியாக வேண்டும். 1888இல் சிம்லாவில், வெள்ளைக்காரப் பட்டாளங்களுக்காக ஆரம்பித்த போட்டி அது. 1940இல் கல்கத்தா முகமதன் ஸ்போர்ட்டிங் ஜெயிக்கும் வரை, ஐம்பது வருஷத்துக்கு மேல் அந்தக் கோப்பை இந்தியர் கைக்கு வரவே இல்லை. சுதந்திரத்துக்குப் பிறகு அதை வென்ற முதல் ராணுவ அணி எது தெரியுமா? 1955இல் நம் மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர்தான்! 1958இல் மறுபடியும் வென்றது. இரண்டு வெற்றியிலும் தங்கராஜுக்குப் பங்கு உண்டு. 1960இல் சர்வீசஸ் அணி சந்தோஷ் கோப்பையை வென்றபோதும் அவர் அதில் இருந்தார்.

1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் இந்தியா நான்காவது இடம் பிடித்தது. அந்த அணியில் தங்கராஜ் உண்டு. 1960 ரோம் ஒலிம்பிக்கிலும் ஆடினார். பிறகு 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டு. அங்கே முதல் ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 2–0 என்று தோற்றோம். அதே தென்கொரியாவை செப்டம்பர் 4ஆம் தேதி இறுதி ஆட்டத்தில் சந்தித்தோம். அரங்கில் சுமார் ஒரு லட்சம் பேர். இஸ்ரேலையும் தைவானையும் போட்டிக்கு விடாததை நம் நாட்டு அதிகாரி ஜி.டி. சோந்தி கண்டித்ததால், கூட்டம் முழுக்க இந்தியாவுக்கு எதிர்ப்பு. அந்தக் கூச்சலுக்கு நடுவே பி.கே. பானர்ஜி ஒன்று, தலையில் தையலோடு ஆடிய ஜர்னெயில் சிங் ஒன்று என்று கோல் போட்டார்கள். கோல் காத்தவர் தங்கராஜ். கடைசி நேரத்தில் ஒரே ஒரு கோல்தான் உள்ளே போனது. 2–1, தங்கம்! ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் இந்தியா அதற்குப் பிறகு இன்றுவரை தங்கம் வாங்கியதில்லை.

கல்கத்தாவின் மூன்று பெரிய கிளப்புகளான மோகன் பகான், முகமதன் ஸ்போர்ட்டிங், ஈஸ்ட் பெங்கால் மூன்றுக்கும் ஆடினார். 1967இல் அர்ஜுனா விருது. 2008 நவம்பர் 24ஆம் தேதி பொகாரோவில் காலமானார்.

இதோடு இன்னொருவரையும் ஒப்பிட்டுப் பார்க்கத் தோன்றுகிறது. இங்கிலாந்தில் வால்டர் டல் என்று ஒருவர். அப்பா பார்படோஸ் தீவுக்காரர், கறுப்பினத்தவர். சின்ன வயதிலேயே தாய் தகப்பனை இழந்து அனாதை விடுதியில் வளர்ந்தவர். 1909இல் டாட்டன்ஹாம் அணியில் சம்பளத்துக்கு ஆடிய தொழில்முறை வீரர். மைதானத்தில் நிறத்தைச் சொல்லித் திட்டு வாங்கினார். பிறகு நார்த்தாம்ப்டன் அணிக்காக நூறு ஆட்டங்களுக்கு மேல் ஆடினார். 1914 டிசம்பரில், கால்பந்து வீரர்களுக்கென்றே அமைத்த படைப்பிரிவில் சேர்ந்தார். கறுப்பினத்தவரை அதிகாரியாக்க விதி இடம் தராத காலத்தில், 1917இல் செகண்ட் லெப்டினன்ட் ஆனார். 1918 மார்ச் 25இல் பிரான்ஸ் போர்முனையில் மாண்டார். உடல் கிடைக்கவில்லை. அர்ராஸ் நினைவுச் சுவரில் பெயர் மட்டும் இருக்கிறது.

டல்லுக்குப் பந்துதான் சம்பளம்; பட்டாளம் உயிரை எடுத்துக்கொண்டது. தங்கராஜ் காலத்து இந்தியாவில் பந்துக்கென்று முறையான சம்பளம் கிடையாது. தேசிய கால்பந்து லீக்கே 1996இல்தான் வந்தது. அதுவரை ராணுவம், ரயில்வே, போலீஸ் கொடுத்த வேலைதான் விளையாட்டுக்காரனுக்குச் சோறு போட்டது. என் செட்டில் எங்கள் கல்லூரி டீமுக்கு ஆடியவர்களில் இரண்டு பேர் பட்டாளத்தில் சேர்ந்தார்கள், இன்னும் விளையாடுகிறார்கள். அவர்களைவிட நன்றாக ஆடிய ஒருவன் வேலை கிடைக்காமல் வெளிநாடு போனான். அதோடு பந்தை விட்டவன்தான். திறமைக்குப் பின்னால் ஒரு நிரந்தரச் சம்பளம் இல்லையென்றால் இதுதான் கதி.

2022இல் வந்த அக்னிபத் திட்டத்தில் நான்கு வருஷச் சேவை, அதன்பின் நான்கில் ஒரு பங்கு பேருக்கு மட்டுமே தொடர்ச்சி. விளையாட்டு வீரர்களுக்குத் தனியாக ஆள் எடுப்பும் நடக்கிறது. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை விசாரித்துத் தெரிந்துகொண்டு முயற்சி செய்யுங்கள், தம்பிகளே. நமக்குப் பக்கத்து லால்குடி பகுதி ஆரோக்கிய ராஜீவ் நீளம் தாண்டுகிறவராக ராணுவத்துக்குப் போய், 400 மீட்டர் ஓட்டக்காரராக மாறி, 2014 ஆசிய விளையாட்டில் வெண்கலம் வாங்கினார். சென்டர் ஃபார்வர்டு கோல்கீப்பர் ஆன அதே கதைதான்.

முன்னாள் மாணவர்களான நமக்கும் ஒரு வேலை இருக்கிறது. பந்தும் பூட்ஸும் வாங்கிக் கொடுப்பது நல்லதுதான். விளையாட்டு ஒதுக்கீட்டு அறிவிப்பு வரும்போது அதை மைதானத்தில் நிற்கிற பையனுக்கு நேரத்தோடு சொல்லி, விண்ணப்பத்தை நிரப்ப உதவுவது அதைவிடப் பெரிது. அடுத்த தங்கராஜ் நம் புதுக்கோட்டை மண்ணிலிருந்து வரட்டும்.