கிதாபுல் அகானீ: பாடகர்களின் வரலாற்றை எப்படி வாசிப்பது?

அப்பாஸியக் கலீஃபாக்கள் மதுவிலும் பாட்டிலும் மூழ்கிக் கிடந்தார்கள் என்று எழுதுவோர் வழக்கமாக எடுத்துக்காட்டும் நூல்களில் ஒன்று, அபுல் ஃபரஜ் அல் இஸ்ஃபஹானீ தொகுத்த ‘கிதாபுல் அகானீ’. ‘பாடல்களின் நூல்’ என்பது இதன் பொருள். அந்நூலிலிருந்து ஒரு கதையை எவரேனும் எடுத்து நீட்டும்போது நம்மவர்களில் சிலர் அதை அப்படியே நம்பி மனம் குன்றுகிறார்கள். வேறு சிலர், பாட்டுக்காரர்களைப் பற்றிய கிதாபுதானே என்று புறந்தள்ளிவிடுகிறார்கள். அறிவிப்பாளர் வரிசையை ஆராயும் கலையை உலகுக்குத் தந்த ஒரு சமுதாயத்திற்கு இவ்விரண்டுமே அழகல்ல.

இசை ஆகுமா, ஆகாதா என்ற மஸ்அலாவை நாம் இங்கு எடுத்துக்கொள்ளவில்லை. இமாம் இப்னு அபித் துன்யா (ரஹ்) கேளிக்கைக் கருவிகளைக் கண்டித்துத் தனி நூலே எழுதினார்கள். இமாம் கஸ்ஸாலீ (ரஹ்) ‘இஹ்யா’வில் செவியேற்றல் பற்றி ஒரு நீண்ட பாடத்தை அமைத்தார்கள். அவற்றை உரிய ஆசிரியரிடம் ஓதித் தெளிவு பெறுவதே முறை. நமது கேள்வி வேறு: பாடகர்களைப் பற்றி எழுதப்பட்ட ஒரு வரலாற்று நூலை நாம் எவ்வாறு வாசிக்க வேண்டும்?

நூலாசிரியர் ஹிஜ்ரி 284இல், அதாவது கி.பி. 897இல் பிறந்தவர். உமய்யாக்களின் கடைசிக் கலீஃபா மர்வானின் குடும்ப வழியில் வந்தவர். ஆயினும் ஷீஆச் சார்புடையவர். அலீ (ரலி) அவர்களின் குடும்பத்தாரில் கொல்லப்பட்டவர்களைப் பற்றி ‘மகாத்திலுத் தாலிபிய்யீன்’ என்ற நூலையும் இவரே எழுதினார். (உமய்யா வழித்தோன்றல் ஒருவர் ஷீஆச் சார்புடையவராக இருந்தது பற்றிப் பிற்கால வரலாற்றாசிரியர்கள் வியந்திருக்கிறார்கள்.) அகானீயைத் தொகுக்க 50 ஆண்டுகள் உழைத்தார் என்றும், அலெப்போவின் அமீர் ஸைஃபுத் தவ்லாவுக்கு அதை அளித்து 1,000 தீனார் பெற்றார் என்றும் சொல்லப்படுகிறது. அச்செய்தியைக் கேட்ட வஸீர் ஸாஹிப் இப்னு அப்பாத், அமீர் குறைத்துக் கொடுத்துவிட்டார் என்றாராம். அவர் பயணம் போகும்போது 30 ஒட்டகங்களில் நூல்கள் உடன் செல்வது வழக்கம். அகானீ கைக்கு வந்த பின் அதுவொன்றே போதுமாயிற்றாம். குர்துபாவின் கலீஃபா இரண்டாம் ஹகமும் ஒரு பிரதிக்காக 1,000 தீனார் அனுப்பியதாக வரலாற்றாசிரியர்கள் குறிப்பிடுகிறார்கள்.

நூலின் அடித்தளம் 100 பாடல்கள். கலீஃபா ஹாரூன் ரஷீதின் கட்டளைப்படி, இப்ராஹீம் அல் மவ்ஸிலீ, இப்னு ஜாமிஉ, ஃபுலைஹ் இப்னு அபில் அவ்ரா ஆகிய மூன்று பாடகர்கள் அவற்றைத் தேர்ந்தெடுத்தார்கள். பின்னர் கலீஃபா வாஸிக்கின் காலத்தில் இப்ராஹீமின் மகன் இஸ்ஹாக் அத்தொகுப்பைச் சீர்படுத்தினார். அபுல் ஃபரஜ் ஒவ்வொரு பாடலாக எடுத்து, அதை இயற்றிய கவிஞர் யார், இசையமைத்தவர் யார், எந்தச் சூழலில் பாடப்பட்டது என்று விரித்துச் செல்கிறார். 100 பாடல்களில் தொடங்கிய நூல், ஜாஹிலிய்யாக் காலம் முதல் தம் காலத்திற்குச் சற்று முந்தியவர்கள் வரை நூற்றுக்கணக்கான கவிஞர்களையும் பாடகர்களையும் உள்ளடக்கியதாக வளர்ந்துவிட்டது. இன்று முஅல்லகாத் ஓதும் மாணவர், அக்கவிஞர்களின் வாழ்க்கையைத் தேடினால் பெரும்பாலும் இந்நூலின் வாசலில்தான் வந்து நிற்பார்.

இனி சனதைப் பார்ப்போம். அகானீயின் செய்திகள் பெரும்பாலும் அறிவிப்பாளர் வரிசையுடனேயே வருகின்றன. இன்னார் எனக்கு அறிவித்தார், அவருக்கு இன்னார் அறிவித்தார் என்று தொடங்கும் வாக்கியங்கள் ஹதீஸ் கிதாபுகளைப் புரட்டியவர்களுக்குப் பழக்கமானவை. நேரில் கேளாமல் ஏட்டிலிருந்து எடுத்ததாயின், இன்னாருடைய நூலிலிருந்து பிரதி செய்தேன் என்று அவரே சொல்லிவிடுகிறார். ஹதீஸ் கலையில் ‘விஜாதா’ என்போமே, அந்த வகை. நேரில் கேட்ட ‘ஸமாஉ’க்கு அது இணையாகாது என்பது நாம் உஸூலில் ஓதியதே.

இவ்விடத்தில்தான் அவர் மீது குற்றச்சாட்டும் எழுந்தது. கதீபுல் பக்தாதீ (ரஹ்) எடுத்தெழுதும் ஒரு கூற்றின்படி, நவ்பக்தீ என்பவர் அபுல் ஃபரஜைப் பெரும் பொய்யர் என்றே சொல்லியிருக்கிறார்: அவர் புத்தகக் கடைவீதிக்குப் போய் ஏடுகளை வாங்கி வீட்டிற்குச் சுமந்து வருவார், அவருடைய அறிவிப்புகள் எல்லாம் அவற்றிலிருந்தே வந்தவை என்பது புகார். இமாம் இப்னுல் ஜவ்ஸீ (ரஹ்) இன்னும் கடுமையாக, இவரைப் போன்றவரின் அறிவிப்பை நம்பலாகாது, மது அருந்துவதை இலேசாகக் கருதுகிறார் என்றார்கள். ஆனால் ஆட்களை எடைபோடுவதில் எளிதில் விட்டுக்கொடுக்காத இமாம் தஹபீ (ரஹ்) ‘மீஸானுல் இஃதிதா’லில் இவரை உண்மையாளர் என்றே கருத இடமிருக்கிறது என்று எழுதினார்கள்.

நம் பார்வையில், நவ்பக்தீயின் புகார் ஹதீஸ் அறிவிப்பில் குறைதான். வரலாற்றுத் தொகுப்பில் அதுவே பெரும் பயனாக முடிந்திருக்கிறது. அந்த ஏடுகளில் பல இன்று உலகில் இல்லை. உமய்யாக்கள் காலத்தில் யூனுஸ் அல் காதிப் எழுதிய பாடல் நூல் மறைந்துவிட்டது. அதைப் பற்றி நாம் அறிவது, அபுல் ஃபரஜ் அதைப் பயன்படுத்தியதால்தான்.

அவர் கண்ணை மூடிக்கொண்டு பிரதி செய்தவருமல்லர். இஸ்ஹாக்கின் பெயரில் வழங்கிய ஒரு பாடல் நூல் உண்மையில் அவருடையதல்ல என்ற விவகாரத்தை முன்னுரையிலேயே எழுப்புகிறார். இஸ்ஹாக்கின் மகன் ஹம்மாதே அதை மறுத்திருந்தார். இப்னு குர்தாத்பிஹ், தாம் சொல்வதைச் சரியாக ஆராயாதவர் என்று குறை கூறுகிறார். துரைத் இப்னுஸ் ஸிம்மா பற்றி இப்னுல் கல்பீ வழியாக வந்த கதைகளை எழுதி முடித்த பின், இவை யாவும் ‘மவ்ளூஉ’, இட்டுக்கட்டப்பட்டவை என்று அவரே அறிவிக்கிறார். பொய் என்று தெரிந்தும் ஏன் எழுத வேண்டும்? நூல் முழுமை பெற வேண்டும், மக்கள் வாயில் உலவுவது விடுபடக் கூடாது என்பது அவருடைய போக்கு. அகானீயில் ஒரு கதை இருக்கிறது என்பதற்கும், அக்கதை நடந்தது என்பதற்கும் இடையே எவ்வளவு தூரம் என்பதை இதைவிடத் தெளிவாக எவர் காட்ட முடியும்?

இந்தத் தூரத்தை அறிந்தே வாசித்தவர் இப்னு கல்தூன் (ரஹ்). ‘முகத்திமா’வில் அவர் அகானீயை அரபிகளின் பதிவேடு என்று போற்றுகிறார், இலக்கியம் கற்பவன் எட்ட விரும்பும் உச்சம் அது என்கிறார். அதே முகத்திமாவின் தொடக்கத்தில், ஹாரூன் ரஷீத் மதுவுக்கு அடிமையாக இருந்தார் என்ற கதைகளை மறுக்கிறார். ஃபுளைல் இப்னு இயாள் (ரஹ்) போன்றோருடன் அவர் கொண்டிருந்த தொடர்பையும், நாள்தோறும் 100 ரகஅத் நஃபில் தொழுதார் என்ற செய்தியையும் எடுத்து வைக்கிறார். இந்த வாதமும் முடிந்த முடிவாகிவிடாது. ஒருவரின் பொதுநிலையைக் கொண்டு செய்யும் அனுமானமே அது. எனினும் ஒரு நூலை மெச்சுவதும், கதைகளை ஒவ்வொன்றாக உரசிப் பார்ப்பதும் ஒரே மனிதரிடம் சேர்ந்திருந்தன.

அகானீயில் கலீஃபாக்களையே தேடுவோர் அதன் உண்மையான செல்வத்தைத் தவறவிடுகிறார்கள். இந்நூலில் மிகுதியாக நடமாடுவோர் அடிமைகளும் விடுவிக்கப்பட்ட மவாலிகளும். மக்காவின் இப்னு மிஸ்ஜஹ் கறுப்பின மௌலா. கஅபாவைப் புதுப்பிக்க வந்த பாரசீகக் கட்டடத் தொழிலாளர்கள் வேலையினூடே பாடியதைக் கேட்டு, அம்மெட்டுகளை அரபுக் கவிதைக்குக் கொண்டுவந்தவர் என்கிறது ஓர் அறிவிப்பு. மதீனாவின் மஃபத், இளமையில் எஜமானர்களின் ஆடுகளை மேய்த்தவர். அரீப் என்ற பாடகி விலைக்கு விற்கப்பட்ட பெண். பர்மகீ வஸீர் ஜஅஃபரின் மகள் அவர் என்றும், அக்குடும்பம் வீழ்ந்தபோது அடிமையாக விற்கப்பட்டார் என்றும் ஒரு செய்தி உண்டு. அரசர்களின் போர்களை எழுதிய பெரு நூல்களில் இத்தகையோருக்கு ஒரு வரிகூடக் கிடைப்பது அரிது. ஓர் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் மனிதர் மனிதரை விலை பேசிய சந்தை எப்படி இருந்தது, இசை கற்ற பெண்ணின் விலை எப்படி உயர்ந்தது என்பதை அறிய விரும்புவோர் இங்கேதான் வர வேண்டும்.

இஸ்ஹாக் அல் மவ்ஸிலீயின் (மறைவு ஹிஜ்ரி 235) நிலை இன்னொரு வகை. ஹதீஸும் ஃபிக்ஹும் மொழியும் கற்றவர். பாடகர் என்று தம்மை அழைப்பதை விரும்பாதவர். கலீஃபா மஃமூனின் அவையில் பாடகர்களோடு அல்லாமல் கல்விமான்களோடு நுழைய அவர் அனுமதி கேட்டுப் பெற்றார் என்கிறது அகானீ. பாட்டினால் வந்த பெயர் மட்டும் மக்கள் நாவில் பரவியிராவிட்டால் அவரைக் காஸியாகவே நியமித்திருப்பேன் என்று மஃமூன் சொன்னாராம்.

அந்த இஸ்ஹாக்கின் முறைப்படியே பாடல்தோறும் இசைக்குறிப்பும் எழுதப்பட்டிருக்கிறது. தாளம் ‘ஸகீல் அவ்வல்’, ‘ரமல்’, ‘ஹஸஜ்’ என்று பெயர் பெறும். ஊத் கருவியின் நரம்பில் விரல் பதியும் இடம் ‘வுஸ்தா’ (நடுவிரல்), ‘பின்ஸிர்’ (மோதிர விரல்) என்று குறிக்கப்படும். 1868இல் எகிப்தின் பூலாக் அச்சகம் இந்நூலை 20 பாகங்களாக வெளியிட்டது. 1927 முதல் கெய்ரோவின் தாருல் குதுப் வெளியிடத் தொடங்கிய பதிப்பு 24 பாகங்களில் நிறைவுற்றது. அக்குறிப்புகள் யாவும் அவற்றில் எழுத்துப் பிசகாமல் இருக்கின்றன. அவற்றைக் கொண்டு ஒரு மெட்டையேனும் முழுமையாகப் பாடிக்காட்ட இன்று எவராலும் இயலவில்லை; விரலின் பெயர் மட்டுமே ஏட்டில் நிற்கிறது.