வேடந்தாங்கல் பறவைகள் சரணாலயம்

வேடந்தாங்கல் பறவைகள் சரணாலயம் தமிழ்நாட்டின் செங்கல்பட்டு மாவட்டத்தில், மதுராந்தகம் வட்டத்தில் அமைந்துள்ள ஓர் ஏரியாகும். இது சென்னையில் இருந்து ஏறத்தாழ 80 கி.மீ தொலைவில் உள்ளது. ஏரியின் பரப்பளவு சுமார் 30 எக்டேர். இந்தியாவின் மிகப் பழைய பறவைக் காப்பிடங்களுள் ஒன்றாக இது கருதப்படுகிறது. வேடந்தாங்கல் என்னும் பெயர் வேடர்கள் தங்கிய இடம் எனப் பொருள்படும்.

வரலாறு

இவ்வேரியின் பறவைகளை ஊர் மக்களே நெடுங்காலமாகக் காத்து வந்தனர். ஆங்கிலேயப் படைவீரர்கள் பறவைகளைச் சுட்டபோது மக்கள் செங்கல்பட்டு ஆட்சியரிடம் முறையிட்டனர். 18 ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஆட்சியர் லயனல் பிளேசு மக்களின் காக்கும் உரிமையை ஏற்று ஆணை வழங்கினார். 1858 இல் அவ்வுரிமை மீண்டும் உறுதி செய்யப்பட்டது. 1936 இல் இவ்விடம் அரசால் சரணாலயமாக அங்கீகரிக்கப்பட்டது.

பறவைகளும் வேளாண்மையும்

வடகிழக்குப் பருவமழையால் ஏரி நிரம்பியதும் பறவைகள் வருகின்றன. நவம்பர் முதல் மார்ச் வரை பறவைகளைக் காண ஏற்ற காலமாகும். நீரில் நிற்கும் நீர்க்கடம்பு, கருவேல மரங்களில் அவை கூடு கட்டுகின்றன. சுற்றிலும் நீர் சூழ்ந்திருப்பதால் தரைவாழ் விலங்குகள் கூடுகளை எளிதில் அணுக இயலாது.

இங்கு காணப்படும் பறவைகளுள் சில:

* நத்தை குத்தி நாரை
* மஞ்சள் மூக்கு நாரை
* கூழைக்கடா
* கரண்டிவாயன்
* வெள்ளை அரிவாள் மூக்கன்
* பாம்புத்தாரா
* நீர்க்காகம்
* வக்கா

நீலச்சிறகி, ஊசிவால் வாத்து முதலியன வடக்கிலிருந்து வலசை வருபவை.

பறவைகளின் எச்சம் கலந்த ஏரிநீர் நெல்வயல்களுக்கு உரமாகிறது. மக்கள் பறவைகளைப் பேணுவதற்கு இதுவும் ஒரு முதன்மையான காரணமாகும். பறவைகள் அஞ்சாதிருக்க, இவ்வூரார் தீபாவளிக்கும் பட்டாசு வெடிப்பதைத் தவிர்த்து வருகின்றனர்.

பாதுகாப்பும் சிக்கல்களும்

ஆயிரக்கணக்கான பறவைகளுக்கும் குஞ்சுகளுக்கும் வேண்டிய இரை முழுவதும் இச்சிறிய ஏரியில் கிடைப்பதில்லை. சுற்றியுள்ள ஏரிகள், நெல்வயல்கள் ஆகியவற்றிலேயே அவை மீன், நத்தை, தவளை முதலியவற்றைத் தேடுகின்றன. எனவே ஏரியை மட்டும் காப்பது போதுமானதன்று. 1998 இல் ஏரியைச் சுற்றி 5 கி.மீ ஆரமுள்ள பகுதி சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. 2020 இல் இதை 3 கி.மீ ஆகக் குறைக்க முன்மொழியப்பட்டபோது சூழலியல் ஆர்வலர்களிடமிருந்து கடும் எதிர்ப்பு எழுந்தது.

மழை பொய்க்கும் ஆண்டுகளில் பறவைகளின் வருகை பெரிதும் குறைகிறது. வரத்துக் கால்வாய்கள் தூர்ந்துபோதல், பூச்சிக்கொல்லிப் பயன்பாடு, தொழிற்சாலைகளின் பெருக்கம் ஆகியவை பிற அச்சுறுத்தல்களாகும். 2022 இல் வேடந்தாங்கலும், ஏறத்தாழ 10 கி.மீ தொலைவில் உள்ள கரிக்கிலி பறவைகள் சரணாலயமும் ராம்சர் ஈரநிலங்களாக அறிவிக்கப்பட்டன.