இல்லாத ஷேக்கும் ஓர் அமைப்பும்

1980 பிப்ரவரியில் அமெரிக்கப் பத்திரிகைகளின் முதல் பக்கத்தை ஓர் அரபு ஷேக் பிடித்துக்கொண்டார். பணத்தை அள்ளிக் கொடுத்து நாடாளுமன்ற உறுப்பினர்களை விலைக்கு வாங்கப் பார்த்தவர். உண்மையில் அப்படி ஒருவர் இல்லவே இல்லை. லஞ்சம் வாங்குகிறவர்களைப் பிடிக்க எஃப்.பி.ஐ. விரித்த ‘ஆப்ஸ்காம்’ என்ற வலையில் அவர் ஒரு வேடம் மட்டுமே. ஒரு செனட்டரும் பிரதிநிதிகள் சபை உறுப்பினர்கள் ஆறு பேரும் தண்டனை பெற்றார்கள். விலைபோனவர்கள் அமெரிக்க அரசியல்வாதிகள். மக்கள் மனதில் தங்கியதோ பணத்தோடு வந்த அரபுக்காரர்.

வேறெந்தச் சமூகத்தின் வேடத்தையாவது அரசாங்கமே இப்படி எடுத்து மாட்டிக்கொள்ளுமா? இந்தக் கோபத்திலிருந்துதான் அதே ஆண்டில் அமெரிக்க-அரபுப் பாகுபாட்டு எதிர்ப்புக் குழு, சுருக்கமாக ஏ.டி.சி., பிறந்தது. தொடங்கியவர் தெற்கு டகோட்டாவின் முன்னாள் செனட்டர் ஜேம்ஸ் அபூரெஸ்க். லெபனானிலிருந்து குடியேறிய பெற்றோரின் மகன். செனட்டில் அமர்ந்த முதல் அரபு அமெரிக்கர்.

அந்த வேடம் அவ்வளவு எளிதில் எடுபட்டதற்குக் காரணம், அதற்கு முந்தைய எட்டு ஆண்டுச் செய்திகள். 1972இல் மியூனிக் ஒலிம்பிக்கில் பாலஸ்தீன ஆயுதக் குழுவிடம் சிக்கி இஸ்ரேலிய அணியினர் 11 பேர் உயிரிழந்தார்கள். முகமூடி அணிந்த ஒருவன் மாடத்திலிருந்து எட்டிப் பார்க்கும் படம் உலகமெங்கும் போயிற்று. நிக்சன் அரசு அரபு நாட்டவரின் விசா விண்ணப்பங்களைத் தனியே துருவ ஆரம்பித்தது. அடுத்த ஆண்டு அரபு நாடுகளின் எண்ணெய்த் தடை வந்ததும் கேலிச்சித்திரங்களில் கொழுத்த ஷேக் சேர்ந்துகொண்டார். டெட்ராய்ட்டின் கார் தொழிற்சாலைகளில் தலைமுறை தலைமுறையாக உழைத்த அரபுக் குடும்பங்களை அந்த ஆண்டுகளின் செய்தியில் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். கொலைகாரனைக் காட்டியதில் தவறில்லை. அவனை மட்டுமே திரும்பத் திரும்பக் காட்டியதில்தான் இருக்கிறது தவறு.

ஏ.டி.சி. கொடுத்த விலையை அலெக்ஸ் ஓதே என்ற பெயரோடு சேர்த்துச் சொல்ல வேண்டும். பாலஸ்தீனத்தின் ஜிஃப்னா கிராமத்தில் பிறந்த கிறிஸ்தவர், கவிஞர், அமெரிக்காவின் மேற்குக் கடற்கரைப் பகுதிக்கான ஏ.டி.சி. இயக்குநர். 1985 அக்டோபரில் அகில்லே லாரோ கப்பல் கடத்தப்பட்டு, சக்கர நாற்காலியில் இருந்த அமெரிக்க யூதப் பயணி ஒருவர் கொல்லப்பட்டார். ஓதே தொலைக்காட்சிக்குப் பேட்டி கொடுத்தார். பயங்கரவாதத்தைக் கண்டித்தார், யாசர் அரஃபாத்தைப் பாராட்டவும் செய்தார். கண்டனம் வெட்டப்பட்டது, பாராட்டு ஒளிபரப்பானது. மறுநாள், அக்டோபர் 11 காலை, கலிஃபோர்னியாவின் சாண்டா ஆனாவில் அலுவலகக் கதவைத் திறந்தபோது குண்டு வெடித்தது. அவருக்கு வயது 41. அன்று ஒரு யூத வழிபாட்டுக் கூடத்தில் பேசுவதாக இருந்தார். அந்தக் கொலைக்காக இன்றுவரை எவரும் தண்டிக்கப்படவில்லை.

குண்டு வைத்தவர்கள் அந்தச் செய்தியைப் பார்த்தார்களா என்பதல்ல என் கவலை. ஓர் அரபு மனிதர் வன்முறையைக் கண்டிக்கும்போது அது நேரத்தை மிச்சப்படுத்த வெட்டக்கூடிய பகுதியாக ஓர் ஆசிரியர் குழுவுக்குத் தோன்றியிருக்கிறதே, அதை என்னால் தாண்டிப் போக முடியவில்லை. அரபுகள் ஏன் கண்டிப்பதில்லை என்று இன்றும் கேட்கிறார்கள்.

பத்து ஆண்டுகள் கழித்து, 1995 ஏப்ரல் 19 அன்று, ஓக்லஹோமா நகரின் அரசுக் கட்டடம் தகர்க்கப்பட்டு 168 பேர் இறந்தார்கள். சில மணி நேரத்துக்குள் தொலைக்காட்சி வல்லுநர்கள் மத்திய கிழக்கைச் சுட்டினார்கள். அப்போது வளைகுடாப் போரில் பதக்கம் வாங்கிய முன்னாள் அமெரிக்கப் படைவீரர் டிமோதி மெக்வே, நம்பர் பிளேட் இல்லாத காரை ஓட்டியதற்காக மறிக்கப்பட்டு ஏற்கெனவே காவலில் இருந்தார். அவர்தான் குற்றவாளி என்று தெரிய இரண்டு நாட்களாயின. அதற்குள் பல ஊர்களில் அரபு அமெரிக்கர்கள் மிரட்டலுக்கும் தாக்குதலுக்கும் ஆளாகியிருந்தார்கள்.